ஒதுக்கிய பணமும் அளந்த வேலையும்

"இத்தனை ஆயிரம் கோடி ஒதுக்கீடு" என்று செய்தி வந்தவுடன் நம் அன்பர்கள் இரண்டு விதமாகப் பேசுவதைக் கேட்கிறேன். ஒரு சாரார், "அப்பாடா, சர்க்கார் கண் திறந்தது" என்பார்கள். மறு சாரார், "எல்லாம் வழியிலேயே கரைந்துவிடும்" என்பார்கள். அதோடு பேச்சு முடிந்துவிடும். அந்தப் பணம் எங்கே போய்ச் சேர்ந்தது, சேர்ந்த இடத்தில் என்ன நடந்தது என்று பார்க்க வேண்டியவர் யார், அவர் எப்போது பார்க்கிறார் என்று யாரும் கேட்பதில்லை. பொருளாதாரம் சரியும் காலத்தில் அரசாங்கம் அவசரமாக இறக்கும் பணத்தைப் பற்றியாவது இதைக் கேட்க வேண்டும். அது பெரும்பாலும் கடன் வாங்கிய பணம்.

2008-ஆம் ஆண்டை எடுத்துக்கொள்வோம். அந்த ஆண்டு செப்டம்பரில் அமெரிக்காவில் லேமன் பிரதர்ஸ் என்ற நிதி நிறுவனம் திவாலாயிற்று. அதன் அதிர்ச்சி திருப்பூர் பனியன் கம்பெனிகள் வரையிலும், சூரத் வைரப் பட்டறைகள் வரையிலும் வந்தது. மத்திய அரசு 2008 டிசம்பர் 7, 2009 ஜனவரி 2, பிப்ரவரி 24 என மூன்று தவணையாக ஊக்குவிப்பு நடவடிக்கைகளை அறிவித்தது. முதல் தவணையில் உற்பத்தி வரி குறைந்தது; திட்டச் செலவுக்குக் கூடுதலாக 20,000 கோடி ரூபாய் வரை அனுமதி கிடைத்தது. இரண்டாவதில் நகரங்களுக்குப் பேருந்து வாங்க உதவி. பல ஊர்களில் புதிய பேருந்துகளின் பக்கவாட்டில் ஜே.என்.என்.யு.ஆர்.எம். என்று எழுதியிருந்ததை நீங்களும் பார்த்திருப்பீர்கள். 2009 ஜூலை பட்ஜெட் உரையில் நிதியமைச்சர் பிரணாப் முகர்ஜி சொன்ன கணக்குப்படி, 2008-09-ல் இந்த ஊக்குவிப்பின் அளவு 1,86,000 கோடி ரூபாய். நிதிப் பற்றாக்குறை ஒரே ஆண்டில் மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 2.7 சதவீதத்திலிருந்து 6.2 சதவீதமாக ஏறிவிட்டது.

செலவழித்தது தவறு என்று நான் சொல்லவில்லை. வேலை போனவன் வீட்டில் அடுப்பு எரிய வேண்டும். கேள்வி கணக்கைப் பற்றியது.

அரசாங்கக் கணக்கில் ஒதுக்கீடு, விடுவிப்பு, செலவு என்ற மூன்று வார்த்தைகள் அடிக்கடி வரும். பத்திரிகைகள் மூன்றையும் ஒன்றாகவே எழுதிவிடுகின்றன. ஒதுக்கீடு என்பது பட்ஜெட்டில் எழுதிய எண். விடுவிப்பு என்பது தில்லியிலிருந்து பணம் கிளம்பியது. தில்லிக் கணக்கில் பணம் கிளம்பியவுடனேயே அது 'செலவு' ஆகிவிடும். ஆனால் அந்தப் பணம் ஏதோ ஒரு மாவட்டத்தில், ஏதோ ஒரு சொசைட்டியின் வங்கிக் கணக்கில் வட்டி போட்டுக்கொண்டு தூங்கிக் கொண்டிருக்கலாம். 2014-15-க்கு முன்பு மத்திய திட்டங்கள் பலவற்றின் பணம் மாநில அரசின் கஜானாவைத் தொடாமலே நேராக இப்படிப்பட்ட கணக்குகளுக்குப் போய்க்கொண்டிருந்தது. பணம் பெற்றவர்கள் 'பயன்பாட்டுச் சான்றிதழ்' ஒன்றை அனுப்புவார்கள். பணம் உரிய நோக்கத்துக்கே பயன்பட்டது என்று, பயன்படுத்தியவரே கையெழுத்திட்டுத் தரும் காகிதம் அது. அதற்கு மேல் நான் என்ன சொல்ல!

இந்த மூன்று வார்த்தைகளுக்கும் அப்பால் நான்காவதாக ஒன்று இருக்கிறது. அதுதான் வேலை: போட்ட ரோடு, வெட்டிய குளம், கொடுத்த கூலி. ரயில்வேயில் கட்டுமானப் பிரிவில் இருந்தவன் என்பதால் எனக்கு எப்போதும் அதில்தான் கண். அங்கே காண்ட்ராக்டருக்கு ஒரு ரூபாய் கொடுக்க வேண்டுமானாலும் முதலில் வேலை 'மெஷர்மென்ட் புக்'கில் ஏற வேண்டும். எம்.பி. என்போம். பக்கங்களுக்கு எண் உண்டு. ஒரு தாளைக் கிழித்தால் தெரிந்துவிடும். எழுதிய எண்ணை அழிக்கக் கூடாது. கோடிட்டு, சரியானதை மேலே எழுதி, சுருக்கொப்பம் போட வேண்டும். எந்த இடம், எந்தத் தேதி, அளந்தவர் யார் எல்லாம் அதில் இருக்கும். பிறகு மேலதிகாரி ஒரு பகுதியைத் தாமே நேரில் போய் அளந்து பார்ப்பார். டெஸ்ட் செக் என்று அதற்குப் பெயர்.

தண்டவாளத்துக்கு அடியில் போடும் ஜல்லியை உதாரணமாகச் சொல்கிறேன். சப்ளை செய்பவர் அதைக் கொண்டுவந்து, பெட்டி போல ஒழுங்காகக் குவித்து வைப்பார். நீளம், அகலம், உயரம் அளந்து பில் போடுவோம். சமதரையில் குவித்தால் கணக்கு சரியாக வரும். நடுவில் மண்மேடு உள்ள இடமாகப் பார்த்துக் குவித்தாலும் டேப் பிடிப்பவருக்கு எல்லா அளவும் சரியாகவே வரும். உள்ளே ஒரு பங்கு மண். இதைக் கண்டுபிடிக்க இரண்டே வழி. குவிக்கும் முன்பே தரையைப் பார்த்திருக்க வேண்டும். இல்லாவிட்டால் குவியலை வெட்டிப் பார்க்க வேண்டும். ஜல்லியைப் பாதையில் கொட்டி ரயிலும் ஓடிவிட்ட பிறகு, எவ்வளவு பெரிய தணிக்கையாளர் வந்தாலும் அவர் கைக்குக் கிடைப்பது அந்த எம்.பி. மட்டுமே.

ஊக்குவிப்புப் பணத்தில் சிக்கல் இங்கேதான். அது சீக்கிரம் இறங்கினால்தான் பயன். எஸ்டிமேட், டெண்டர், அளவு, டெஸ்ட் செக் எல்லாம் நிதானமாக நடக்க வேண்டிய காரியங்கள். அவசரத்தில் முதலில் விட்டுப்போவது தரையைப் பார்ப்பதுதான்.

நம் நாட்டில் இந்தப் பணத்தையெல்லாம் தணிக்கை செய்பவர் சி.ஏ.ஜி. என்று நாம் அறிந்த தலைமைக் கணக்குத் தணிக்கையாளர். அரசியல் சட்டத்தின் 148-வது பிரிவு அவருக்கு உச்ச நீதிமன்ற நீதிபதிக்கு நிகரான பாதுகாப்பைத் தந்திருக்கிறது. மத்திய அரசைப் பற்றிய அவருடைய அறிக்கை குடியரசுத் தலைவர் வழியாக நாடாளுமன்றத்துக்குப் போகும். அங்கே பொதுக் கணக்குக் குழு அதை ஆராயும். 1967 முதல் அந்தக் குழுவுக்கு எதிர்க்கட்சி உறுப்பினர் ஒருவரைத் தலைவராக வைப்பது மரபு. நல்ல ஏற்பாடுதான். ஆனால் இது பணம் போன பிறகு நடக்கும் தணிக்கை.

2008 பிப்ரவரி பட்ஜெட்டில் அறிவித்த விவசாயக் கடன் தள்ளுபடியைப் பாருங்கள். நெருக்கடிக்கு முன்பே அறிவித்தது என்றாலும், பணம் இறங்கியது அந்த நெருக்கடிக் காலத்தில்தான். சுமார் 52,000 கோடி ரூபாய். சி.ஏ.ஜி. அதன் 90,576 கணக்குகளை எடுத்துப் பார்த்ததில், 100-க்கு 22 கணக்குகளில் ஏதாவது ஒரு கோளாறு. தகுதியில்லாதவர்களுக்குத் தள்ளுபடி கிடைத்திருந்தது. அதைவிட மனதை வருத்துவது இன்னொன்று. தள்ளுபடி பெறாத 9,334 கணக்குகளைத் தனியாகப் பார்த்தபோது, அவற்றில் 1,257 தகுதியுள்ளவை என்று தெரிந்தது. அறிக்கை நாடாளுமன்றத்துக்கு வந்தது 2013 மார்ச்சில். அந்த 1,257 பேருக்கு ஐந்து வருஷம் போய்விட்டது. தும்பை விட்டு வாலைப் பிடிப்பது என்று நம் கிராமத்தில் சொல்வார்கள்.

அதே 2009-ல் அமெரிக்கா வேறு வழியில் போயிற்று. பிப்ரவரி 17 அன்று அதிபர் ஒபாமா கையெழுத்திட்ட 787 பில்லியன் டாலர் சட்டத்திலேயே, அந்தச் செலவைக் கண்காணிக்கத் தனி வாரியம் ஒன்றை ஏற்படுத்தினார்கள். பணத்தோடு காவல்காரனும் பிறந்தான். பல துறைகளின் தலைமை ஆய்வாளர்கள் அதில் உறுப்பினர்கள். ஏர்ல் டெவனி என்ற அனுபவசாலி தலைவர். பணம் பெற்றவர்கள் மூன்று மாதத்துக்கு ஒருமுறை எவ்வளவு வாங்கினோம், எத்தனை பேருக்கு வேலை என்று சொல்ல வேண்டும். அது இன்டர்நெட்டில் எல்லோர் பார்வைக்கும் வரும். முதல் கணக்கு வந்தபோது ஒரு வேடிக்கை. அரிசோனாவில் அப்போது எட்டே நாடாளுமன்றத் தொகுதிகள். பதினைந்தாவது தொகுதியில் வேலை கிடைத்ததாகக் கணக்கில் இருந்தது! பத்திரிகைகள் சிரித்தன. நான் இதை வேறு விதமாகப் பார்க்கிறேன். பணம் இறங்கிய ஒன்பதாவது மாதத்திலேயே தப்பு வெளியே வந்தது. கணக்கு அலமாரியில் இருந்திருந்தால் அந்தப் பதினைந்தாவது தொகுதி இன்றும் அங்கேயே இருந்திருக்கும்.

நம்மிடம் தனி வாரியம் இல்லை. ஆனால் அதைவிட நல்ல ஒன்று நம் நாட்டிலேயே இருந்தது. 'நூறு நாள் வேலை' என்று நம் ஊரில் சொல்லும் திட்டம். 2005-ல் சட்டமாகி, 2008 ஏப்ரலில் நாட்டின் எல்லா ஊரக மாவட்டங்களுக்கும் வந்தது. நெருக்கடியின்போது, 16,000 கோடியாக இருந்த அதன் பட்ஜெட் 2009-10-ல் 39,100 கோடியாயிற்று. 2020-ல் கொரோனா ஊரடங்கில் நகரங்களிலிருந்து ஜனங்கள் நடந்தே ஊர் திரும்பினார்களே, அப்போது 61,500 கோடியோடு இன்னும் 40,000 கோடி சேர்த்தார்கள். 2025 டிசம்பரில் நாடாளுமன்றம் இந்தச் சட்டத்துக்குப் பதிலாக வேறொரு சட்டத்தை நிறைவேற்றியது. ஆனால் இருபது வருஷ அனுபவத்தில் கற்க வேண்டியது நிறைய உண்டு.

அந்தச் சட்டத்தின் 17-வது பிரிவு, எல்லா வேலைகளையும் கிராம சபையே சமூகத் தணிக்கை செய்ய வேண்டும் என்றது. இதன் வேர் ராஜஸ்தானில். 1994 டிசம்பரில் பாலி மாவட்டத்துக் கோட் கிரானா என்ற ஊரில், மஸ்தூர் கிசான் சக்தி சங்கதன் என்ற அமைப்பு ஜனங்களைக் கூட்டிப் பஞ்சாயத்து வேலைக் கணக்கை உரக்கப் படித்துக் காட்டியது. மஸ்டர் ரோலில் உள்ள பெயரைப் படித்தால், அந்த ஆள் அங்கேயே உட்கார்ந்திருப்பார். வேலைக்குப் போனாரா, எத்தனை நாள், கையில் என்ன கிடைத்தது என்று சொல்லிவிடுவார். செத்தவர் பெயர் இருந்தால் ஊரே சொல்லும். எந்த டெஸ்ட் செக்கும் இதற்கு ஈடாகாது. ஜல்லிக் குவியலுக்கு அடியில் மேடு இருந்ததா என்று அந்த ஊர் ஆடு மேய்க்கிற பையனுக்குக் கூடத் தெரியும் அல்லவா? பின்னாளில் ஆந்திரப் பிரதேசம் இதற்கென்றே தனி அமைப்பை ஏற்படுத்தி முறையாக நடத்தியது.

பலன் என்ன? 2017-18 முதல் 2020-21 வரை நான்கு ஆண்டுகளில் சமூகத் தணிக்கைகள் நாடு முழுவதும் கண்டுபிடித்த முறைகேடு 935 கோடி ரூபாய். திரும்பி வந்தது சுமார் 12½ கோடி. நூற்றுக்கு ஒன்றரை ரூபாய் கூட இல்லை. கண்டுபிடிப்பவருக்கு வசூலிக்கும் அதிகாரம் இல்லை. அதிகாரம் உள்ளவருக்கு அவசரம் இல்லை. மாநில வாரியாகப் பார்த்தால் தமிழ்நாட்டின் தொகைதான் மிகப் பெரியது, சுமார் 245 கோடி. இதைக் கேட்டு நாம் வெட்கப்படும் முன் ஒன்று யோசிக்க வேண்டும். சில மாநிலங்களின் கணக்கில் வெறும் பூஜ்யம். பரிசோதனை ரிஜிஸ்தரில் வருஷக்கணக்காக 'குறை ஏதுமில்லை' என்றே எழுதியிருந்தால், அங்கே பாலம் உறுதியாக இருக்கிறது என்று எந்த இன்ஜினியரும் நம்பமாட்டார். யாரும் போய்ப் பார்க்கவில்லை என்றுதான் முதலில் சந்தேகப்படுவார்.

2023 ஜனவரி முதல் வேலை நடக்கும் இடத்தில் தினம் இரண்டு முறை போட்டோ எடுத்து, மொபைல் ஆப்பில் வருகையைப் பதிய வேண்டும் என்று கட்டாயமாக்கினார்கள். 2025 ஜூலையில் மத்திய அமைச்சகமே மாநிலங்களுக்கு எழுதியது: சம்பந்தமில்லாத படங்கள் ஏறுகின்றன, போட்டோவையே போட்டோ எடுத்து அனுப்புகிறார்கள். எனக்கு ஆச்சரியமில்லை. போட்டோவில் ஆள் தெரிவார். வெட்டிய குழியின் ஆழம் தெரியாது.

விடுமுறைக்கு ஊருக்குப் போகும் அன்பர்களுக்கு ஒரு தகவல். தமிழ்நாட்டில் ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 ஆகிய நாட்களில் கிராம சபை கூடும். மே மாதம் குழந்தைகளோடு போகிறவர்கள் இரண்டு நாள் முன்னதாகப் போனால் உட்கார்ந்து பார்க்கலாம். இங்கே, நாம் இருக்கும் நகரத்தில், வீட்டெதிரே போட்ட ரோட்டைப் பற்றிச் சந்தேகம் என்றால் அதற்கும் வழி உண்டு. 2005-ஆம் வருஷத்துத் தகவல் உரிமைச் சட்டத்தின் கீழ் காகிதத்தின் நகலை மட்டும்தான் கேட்கலாம் என்று பலர் நினைக்கிறார்கள். அதன் இரண்டாவது பிரிவைப் படியுங்கள். வேலையை நேரில் பார்வையிடலாம். பயன்படுத்திய பொருளின் சான்றளித்த மாதிரியையும் வாங்கலாம். மத்திய அரசு அலுவலகம் என்றால் மனுவுக்குக் கட்டணம் 10 ரூபாய், பதில் 30 நாளில் வர வேண்டும். மனுவில் 'விவரம் தருக' என்று பொதுவாக எழுதாதீர்கள். வேலையின் பெயர், வருஷம் குறிப்பிட்டு, அந்த வேலைக்கான மெஷர்மென்ட் புக் பக்கங்களின் நகல் வேண்டும் என்று எழுதுங்கள். கையில் வந்ததும் ஒரு டேப்பை எடுத்துக்கொண்டு தெருவில் இறங்கி, முதலில் அகலத்தை அளந்து பாருங்கள். அதற்கு யார் அனுமதியும் வேண்டியதில்லை.