சோபா குஷன் தைக்க எந்த மெஷின்? இஎம்ஐ போடுறதுக்கு முன்னாடி இதைப் பாருங்க!

வேலை பார்த்துக்கிட்டே சோபா கவர், பைக் சீட் தைச்சு கொடுக்கலாம்னு நினைக்கிறீங்களா? மெஷின் தப்பாப் போனா மொத்தக் கணக்கும் தப்பாயிடும்.

வீட்டு மெஷின் போதாதா?
அதுல அடியில இருக்கிற பல் மட்டும்தான் துணியைத் தள்ளும். ரெக்சினை நாலு மடிப்பா வெச்சா கீழ் மடிப்பு முந்தும், மேல் மடிப்பு பின்தங்கும், தையல் கோணும். வாக்கிங் ஃபுட் மெஷின்ல மேல இருக்கிற பாதமும் சேர்ந்து நகரும். குஷன் வேலைக்கு இதுதான் சரி.

மோட்டார்?
கிளட்ச் மோட்டார் சும்மா இருக்கும்போதும் சுத்தும். சர்வோ மிதிச்சாதான் சுத்தும். கரண்ட் மிச்சம், மெதுவாவும் தைக்கலாம்.

கணக்கு
மெஷின் 40,000 ரூபாய்னு வெச்சுப்போம். செலவு போக ஆர்டருக்கு 800 நின்னா, போட்ட காசை எடுக்க 50 ஆர்டர் வேணும். மாசம் 4 ஆர்டர்னா ஒரு வருஷம் தாண்டும். ஆர்டர் வராத மாசத்துல இஎம்ஐ உங்க சம்பளத்துல இருந்துதான் போகும்.

அதனால முதல்ல ஆர்டர் பிடிங்க. அப்புறம் நல்ல செகண்ட் ஹேண்ட் மெஷினாப் பாருங்க. கடைக்குப் போகும்போது உங்க ரெக்சின் துண்டையே எடுத்துட்டுப் போய், நாலு மடிப்பு தைச்சுப் பார்த்துட்டு காசு கொடுங்க.