வெற்றிலைக் காம்பு வைத்தியம் வேண்டாம்

பிறந்து இரண்டு நாளாகியும் குழந்தை மலம் கழிக்கவில்லை என்றால், வீட்டுப் பெரியவர்கள் முதலில் தேடுவது விளக்கெண்ணெயில் தோய்த்த வெற்றிலைக் காம்பை. இல்லாவிட்டால் சீவிய சோப்புத் துண்டு. ஆசனவாயில் வைத்ததும் மலம் பீய்ச்சிக்கொண்டு வரும், வயிறு தணியும். "சரியாப் போச்சு" என்று எல்லோரும் நிம்மதியாகிவிடுவார்கள். சில குழந்தைகளுக்கு அந்த நிம்மதிதான் ஆபத்து. இப்படியே மாதக்கணக்கில் ஓட்டிவிட்டு, வயிறு உப்பி, எடை ஏறாத நிலையில் குழந்தையைத் தூக்கிவரும் குடும்பங்களை இன்றும் பார்க்கிறோம்.

இது ஹிர்ஷ்ஸ்பிரங் நோயாக இருக்கலாம். ஏறக்குறைய 5,000 குழந்தைகளில் ஒன்றுக்கு வருவது. கருவில் மூளையும் தண்டுவடமும் ஆகப்போகும் நரம்புக் குழாயின் விளிம்பிலிருந்து நியூரல் கிரெஸ்ட் செல்கள் கிளம்பி உடலெங்கும் நகர்கின்றன. முக எலும்புகளும் தோலின் நிறமிச் செல்களும் அவற்றிலிருந்து வந்தவையே. அவற்றில் ஒரு கூட்டம் கழுத்துப் பக்கத்திலிருந்து குடலுக்குள் இறங்கி, ஏழாவது வார வாக்கில் அதன் கடைசி வரை போய், குடலை அசைக்கும் நரம்புச் செல்களாக வேண்டும். பாதி வழியில் நின்றுவிட்டால், அதற்குக் கீழுள்ள குடல் இறுகியே கிடக்கும். மேலே மலம் தேங்கி வீங்கும். கர்ப்பிணி சாப்பிட்டதோ கிரகணத்தில் வெளியே போனதோ காரணமல்ல. மருமகளைக் குற்றம் சொல்வதை முதலில் நிறுத்துங்கள்.

நிறைமாதக் குழந்தைகள் அநேகமாக எல்லாமே 48 மணி நேரத்துக்குள் கரும்பச்சையாக முதல் மலம் கழித்துவிடும். ஆனால் பல மருத்துவமனைகளின் டிஸ்சார்ஜ் சம்மரியில் எடை இருக்கும், தடுப்பூசி இருக்கும், இந்த நேரம் மட்டும் இருக்காது. ஒரு வரி எழுத என்ன கஷ்டமோ தெரியவில்லை. எழுதித் தரச் சொல்லிக் கேளுங்கள். மலம் போகாத குழந்தையை டாக்டர் பார்க்காமல் வீட்டுக்குக் கூட்டிப்போக ஒப்புக்கொள்ளாதீர்கள்.

போகவேண்டிய இடம் குழந்தைகள் அறுவைச் சிகிச்சைத் துறை உள்ள மருத்துவமனை. சென்னையில் எழும்பூர் அரசு குழந்தைகள் நல மருத்துவமனை, மதுரையில் அரசு ராஜாஜி மருத்துவமனை. எனிமா வழியாக மருந்து செலுத்தி எக்ஸ்ரே எடுப்பார்கள். அதோடு விட்டுவிடக் கூடாது. மலக்குடலில் சிறு துணுக்கு எடுத்துச் செய்யும் பயாப்ஸிதான் நோயை உறுதிசெய்யும். நரம்பில்லாத பகுதியை வெட்டி நீக்கி, நல்ல குடலைக் கீழே இழுத்துத் தைப்பதே சிகிச்சை.

ஒரு வயதுக்கு உட்பட்ட குழந்தைக்கு அரசு மருத்துவமனையில் சிகிச்சையும் மருந்தும் பரிசோதனையும் இலவசம். ஜனனி சிசு சுரக்ஷா திட்டம் தரும் உரிமை அது. தனியார் மருத்துவமனைக்குப் போவதானால், அது முதலமைச்சர் காப்பீட்டுத் திட்டப் பட்டியலில் உள்ளதா என்று கேளுங்கள். கார்டு இல்லாதவர்கள் கிராம நிர்வாக அலுவலரிடம் வருமானச் சான்று வாங்கி, ரேஷன் அட்டை, ஆதாருடன் கலெக்டர் அலுவலகத்திலுள்ள காப்பீட்டு மையத்துக்குப் போகவேண்டும். பிறப்பை 21 நாளுக்குள் பதிவு செய்யுங்கள். பெயரைப் பின்னால் சேர்க்கலாம். கையெழுத்துக்காக நாலு நாள் அலையவிடும் அலுவலர்கள், அந்த நாலு நாளும் குழந்தையின் வயிறு காத்திருக்காது என்பதை உணரவேண்டும். நீங்களும் கார்டு வரட்டும் என்று அரசு மருத்துவமனையில் சேர்ப்பதைத் தள்ளிப்போடாதீர்கள்.

பயாப்ஸி ரிப்போர்ட்டையும் ஆபரேஷன் குறிப்பையும் நகல் வாங்கிப் பத்திரப்படுத்துங்கள். ஏனென்றால் ஆபரேஷனுக்குப் பிறகும் குடல் அழற்சி வரலாம். காய்ச்சல், வயிறு உப்பல், நாற்றத்தோடு பீய்ச்சும் பேதி அதன் அடையாளம். சாதாரண வயிற்றுப்போக்கு என்று நினைத்துவிட்டால் உயிரே போகும்.

மறுபடியும் சொல்கிறேன்: காம்பு வேண்டாம், சோப்பு வேண்டாம். பிறந்த குழந்தை பச்சையாக வாந்தி எடுத்தாலோ வயிறு உப்பினாலோ விடியட்டும் என்று காத்திருக்காமல் 108-ஐ அழையுங்கள்.