முத்துசாமி கோயிலில் எது குணமாக்கியது?

திண்டுக்கல் மாவட்டம் வேலாயுதம்பாளையம்புதூரில் முத்துசாமி கோயில் இருக்கிறது. முத்துசாமி புராணத்தில் வருபவர் இல்லை. போன நூற்றாண்டில் அதே ஊரில் நடமாடியவர், தீராத நோயைத் தீர்ப்பவர் என்று பெயரெடுத்தவர். அவரை அடக்கம் செய்த இடத்தில்தான் கோயில் எழுந்தது. புத்தி பேதலித்தவர்களைக் கொண்டுபோய்ச் சில வாரம் தங்கவைத்தால் தெளிந்துவிடும் என்பது சுற்றுவட்டார நம்பிக்கை.

2000ஆம் ஆண்டு பெங்களூரு நிம்ஹான்ஸைச் சேர்ந்த மனநல மருத்துவர் ரகுராமும் அவருடைய குழுவினரும் இந்த நம்பிக்கையை அளந்து பார்த்தார்கள். மூன்று மாதத்தில் அங்கே வந்து தங்கிய 31 பேரைப் பரிசோதித்தார்கள். 23 பேருக்கு, யாரோ தன்னைக் கொல்லச் சதி செய்கிறார்கள் என்ற சந்தேகமும் காதில் குரல்களும் மேலோங்கிய மனச்சிதைவு. 6 பேருக்கு மருட்சி நோய், 2 பேருக்கு இருமுனைக் கோளாறு. மருத்துவமனையில் சேர்த்திருந்தால் கையோடு ஊசி போட்டிருப்பார்கள், அவ்வளவு தீவிரம். கோயிலில் அவர்களுக்கு மாத்திரையும் இல்லை, ஊசியும் இல்லை. சராசரியாக ஆறு வாரம் இருந்தார்கள். நோய்க்குறிகளை அளக்கும் மதிப்பெண் வந்தபோது 52.9, கிளம்பும்போது 42.9. ஏறக்குறைய 20 சதவீதக் குறைவு. மனச்சிதைவுக்கான புதிய மருந்துகள் காட்டும் முன்னேற்றத்தோடு ஒப்பிடத்தக்கது என்றே ஆய்வாளர்கள் எழுதினார்கள். 2002இல் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் கட்டுரை வெளியானது.

அப்படி அங்கே என்னதான் நடந்தது? பேயோட்டுவது, உடுக்கை அடிப்பது, வேப்பிலையால் விளாசுவது எதுவும் கிடையாது. காலையில் சிறிது நேரம் பூஜை, திருநீறு. மற்ற நேரத்தில் கோயிலைப் பெருக்குவார்கள், செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றுவார்கள். தங்குவதற்குக் காசு வாங்குவதில்லை. நோயாளியோடு வீட்டு ஆள் ஒருவர் கூடவே இருப்பார். அவ்வளவுதான்.

அந்த ‘அவ்வளவுதான்’ சாதாரணமில்லை. லண்டனில் ஜார்ஜ் பிரவுன் என்ற சமூகவியலாளர் 1950களிலேயே ஒன்றைக் கவனித்தார். மனச்சிதைவுக்குச் சிகிச்சை முடிந்து பெற்றோரிடமோ மனைவியிடமோ திரும்பியவர்களைவிட, வாடகை அறையில் தனியாகத் தங்கியவர்கள் நன்றாக இருந்தார்கள். ஏன் என்று தோண்டியவர், 1972இல் 101 நோயாளிகளின் கணக்கைத் தந்தார். எதற்கெடுத்தாலும் குறை சொல்லும், அல்லது ஒரேயடியாகப் பொத்திப்பொத்தி வைக்கும் வீடுகளுக்குப் போனவர்களில் 58 சதவீதம் பேருக்கு ஒன்பது மாதத்துக்குள் நோய் திரும்பியது. மற்ற வீடுகளில் 16 சதவீதம்தான்.

இந்தக் கணக்கை வைத்துக்கொண்டு முத்துசாமி கோயிலைப் பாருங்கள். அங்கே வந்திருக்கும் மகன் ஒருவன், வீட்டில் “வேலைவெட்டிக்குப் போகாம சோறு மட்டும் கேக்குது” என்று பேச்சு வாங்கியவன். ‘காத்து கருப்பு’ என்றோ ‘செய்வினை’ என்றோ சொன்ன மாத்திரத்தில் குற்றம் அவன் தலையிலிருந்து இறங்கிவிடுகிறது. அவன் சோம்பேறி இல்லை, பாதிக்கப்பட்டவன். திட்டிக்கொண்டிருந்த அம்மா இப்போது பக்கத்தில் பாய் விரித்துப் படுக்கிறாள். அடுத்த பாயில் இன்னொரு அம்மா, இன்னொரு மகன். அக்கம்பக்கத்தார் வாய்க்குப் பயந்து கதவைச் சாத்திவைத்திருந்த குடும்பம், ‘நமக்கு மட்டும் இல்லை’ என்று முதன்முறையாக மூச்சு விடுகிறது. நோய்க்கான விளக்கம் அறிவியல்படி தப்பு. அது நோயாளிக்கு வாங்கித் தரும் மரியாதை நிஜம். மருத்துவமனைப் புறநோயாளிப் பிரிவில் மூன்று நிமிடத்தில் கிடைக்கிற சரியான விளக்கம் பல நேரம் அந்த மரியாதையை வாங்கித் தருவதில்லை.

சரி, கோயிலே போதுமா? அப்படிச் சொல்ல இந்த ஆய்வில் இடமில்லை. ஒப்பிட்டுப் பார்க்க இன்னொரு குழு கிடையாது. மனச்சிதைவு ஏறி இறங்கும் நோய். உச்சத்தில் இருக்கும்போதுதான் வண்டி வைத்துக் கோயிலுக்குக் கூட்டிவருவார்கள், ஆறு வாரத்தில் தானாகவும் கொஞ்சம் தணிந்திருக்கும். ஊருக்குத் திரும்பியபின் என்ன ஆனது என்பதும் அதில் இல்லை. போதாததற்கு 42.9 என்பது குணமானவரின் மதிப்பெண்ணும் இல்லை.

பிரார்த்தனைக்கே தனியாக ஒரு சக்தி உண்டா என்றும் பார்த்திருக்கிறார்கள். ஹெர்பர்ட் பென்சன் குழு 2006இல் வெளியிட்ட அமெரிக்க ஆய்வில் பைபாஸ் அறுவைசிகிச்சை செய்துகொண்ட 1,802 பேர். முன்பின் தெரியாதவர்கள் அவர்களுக்காக வேண்டிக்கொண்டார்கள். பலன் ஏதுமில்லை. இன்னும் வேடிக்கை, ‘உங்களுக்காகக் கட்டாயம் பிரார்த்தனை நடக்கும்’ என்று தெரிந்தவர்களில் 59 சதவீதம் பேருக்குச் சிக்கல்கள் வந்தன; நடக்கிறதா இல்லையா என்று தெரியாமலே வேண்டுதல் பெற்றவர்களில் 52 சதவீதம். ‘நம் நிலைமை அவ்வளவு மோசமா’ என்ற பயமாக இருக்கலாம் என்பது ஆய்வாளர்களின் ஊகம். தொலைவிலிருந்து வேண்டுவதும், பக்கத்தில் பாய் விரித்துப் படுப்பதும் ஒன்றில்லை என்று நான் எடுத்துக்கொள்கிறேன்.

முத்துசாமி கோயில் ஆய்வு முடிந்த மறுவருடமே நம்பிக்கையின் இன்னொரு முகத்தைத் தமிழ்நாடு பார்த்தது. 2001 ஆகஸ்ட் 6 விடியற்காலை, ராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடியில் தனியார் நடத்திய மனநலக் காப்பகத்தில் தீப்பிடித்தது. கூரைக் கொட்டகை. உள்ளே இருந்தவர்கள் சங்கிலியில் பிணைக்கப்பட்டிருந்தார்கள். 28 பேர் இறந்தார்கள். அந்த ஊர் தர்காவை நம்பி வந்த குடும்பங்கள் விட்டுப்போனவர்கள் அவர்கள். உச்ச நீதிமன்றம் தானாக முன்வந்து வழக்கை எடுத்தது. 2017ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டம், மனநோயாளியை எந்த வகையிலும் சங்கிலியால் கட்டக் கூடாது என்று சொல்கிறது.

இரண்டு இடத்துக்கும் வந்தவர்கள் ஒரே மாதிரி மக்கள், ஒரே நோய், ஒரே நம்பிக்கை. ஓரிடத்தில் உறவினர் கூடவே இருந்தார்; இன்னோரிடத்தில் பணம் கட்டி விட்டுவிட்டுப் போனார். எனக்கு இதுதான் முக்கியமான வித்தியாசமாகப் படுகிறது.

கோயிலையும் தர்காவையும் விலக்கிவைத்துவிட்டு மனநல மருத்துவம் பேசுவது நம் ஊரில் நடக்காத காரியம். 2015-16 தேசிய மனநலக் கணக்கெடுப்பின்படி, கணக்கெடுத்த மாநிலங்களில் பெரும்பாலானவற்றில் ஒரு லட்சம் பேருக்கு ஒரு மனநல மருத்துவர்கூட இல்லை. ஆனால் தாமதத்துக்கு விலை உண்டு. மனச்சிதைவுக்கு எவ்வளவு காலம் சிகிச்சை தள்ளிப்போகிறதோ, பிறகு மருந்து கேட்பதும் அவ்வளவு கடினம். அதனால் மாத்திரை கோயிலுக்கும் தர்காவுக்கும் போக வேண்டும். குஜராத்தில் உனாவா ஊரின் மீரா தாதார் தர்காவில், அதைப் பராமரிக்கும் முஜாவர்களே நோயாளியை மருத்துவரிடம் அனுப்புகிறார்கள். ‘தவா-துவா’, மருந்தும் பிரார்த்தனையும். ஏர்வாடியிலும் இப்போது தர்காவை ஒட்டி அரசு மனநலச் சேவை இருக்கிறது.

இந்தக் கூட்டு வேலை செய்கிறதா என்பதற்கு நல்ல சாட்சி ஆப்பிரிக்காவிலிருந்து வருகிறது. நைஜீரியாவிலும் கானாவிலும் ஓயே குரேஜே குழு 307 மனநோயாளிகளிடம் நடத்திய சோதனை 2020இல் லான்செட் மருத்துவ இதழில் வந்தது. நோயாளிகள் நாட்டு வைத்தியரிடமும் பிரார்த்தனைக் கூடத்திலுமே இருந்தார்கள். ஒரு பகுதியினரைத் தேடி ஆரம்ப சுகாதார ஊழியர் மருந்தோடு அங்கேயே போனார். ஆறு மாதம் கழித்து அவர்களின் நோய் மதிப்பெண் 53.4, மற்றவர்களுடையது 67.6. ஆனால் கானாவில் ஒரு பிரார்த்தனை முகாமில் 139 பேரிடம் நடந்த வேறொரு சோதனையில் (2018) மருந்தால் நோய்க்குறிகள் குறைந்தன, சங்கிலியில் கிடந்த நாட்கள் குறையவில்லை. மாத்திரை மட்டும் பூட்டைத் திறக்காது. அதற்கு ஆள் போக வேண்டும், சட்டம் போக வேண்டும்.

வீட்டில் ஒருவருக்கு இப்படி என்றால் குணசீலம் கோயிலுக்குப் போங்கள், ஏர்வாடிக்குப் போங்கள், மாதா கோயிலுக்குப் போங்கள். கூடவே தங்குங்கள். மாத்திரையைப் பையில் எடுத்துக்கொள்ளுங்கள், நிறுத்தச் சொன்னால் கேட்காதீர்கள். எங்காவது சங்கிலி கண்ணில் பட்டால் காவல்துறைக்குச் சொல்லுங்கள். எங்கே தொடங்குவது என்று தெரியாவிட்டால், அரசின் மனநல உதவித் தொலைபேசியான டெலி மானஸ் எண் 14416. கட்டணமில்லை, எந்த நேரமும் கூப்பிடலாம், தமிழில் பேசலாம்.