தட்டில் இருப்பது எந்தச் சுறா?

சந்திரகிரிக்கும் கடலுக்கும் நடுவே நேர்கோடு போட்டு அளந்தாலும் தொண்ணூறு கிலோமீட்டருக்கு மேல் இருக்கும். இருந்தும், வீட்டில் பச்சை உடம்புக்காரி ஒருத்தி இருந்தால் மீன் வாங்கப் போகிறவரிடம் சொல்லி அனுப்புவது சுறாவைத்தான். அக்கா மகள் பிரசவத்துக்கு வந்திருந்தாள். குழந்தை பிறந்த மூன்றாவது ஞாயிற்றுக்கிழமை அந்த வேலை என் தலையில் விழுந்தது. “குட்டியாப் பாத்து வாங்குடா, பெருசு நாறும்” என்று சொல்லி அனுப்பினாள் அக்கா.

திருப்பதியில் ஐஸ் பெட்டிக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த அம்மா, “பால சொர அண்ணா, தாஜாகா உந்தி” என்று தெலுங்கில் தொடங்கி, நான் வாய் திறந்ததும் தமிழுக்கு வந்துவிட்டார். பலகையில் முழங்கை நீளத்துக்கு நான்கு உடல்கள். தலை இல்லை. துடுப்பு ஒன்றுகூட இல்லை. வாலையும் நறுக்கியிருந்தார்கள். “பால் சுறாதான்னு எப்படிம்மா தெரியும்?” என்றேன். “குட்டியா இருக்கே அண்ணா, வேற என்ன?” என்றார்.

அவர் ஏமாற்றவில்லை. நம் சந்தைகளில் வழக்கமே அதுதான். குட்டியாக இருந்தால் பால் சுறா, பெரிதாக இருந்தால் வெறும் சுறா. ஆனால் பால் சுறா என்பது தனி இனம். முழு வளர்ச்சியில் ஏறத்தாழ ஒரு மீட்டர் நீளம் வரும். தின்றால் தாய்ப்பால் ஊறும் என்ற நம் ஊர் நம்பிக்கையை வைத்தே ஆங்கிலத்திலும் அதற்கு அதே பொருளில் பெயர் வைத்தார்கள். அதைப் பிடிப்பதற்குத் தடை இல்லை. சிக்கல் என்னவென்றால், கொம்பன் சுறாவின் குட்டியும், கருந்துடுப்புச் சுறாக்களின் குட்டியும் தலையையும் துடுப்பையும் எடுத்துவிட்டால் பலகையில் பால் சுறா ஆகிவிடும்.

சட்டம் அப்படிப் பார்ப்பதில்லை. அது இனம் இனமாகப் பெயர் சொல்லிப் பட்டியல் போடுகிறது. 2001 ஜூலையில் மத்திய அரசு சுறா, திருக்கை வகை அத்தனையையும் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்த்தது. புலிக்கும் யானைக்கும் உள்ள அதே அட்டவணை. வலையில் எது விழும் என்று மீனவருக்கு முன்கூட்டித் தெரியாது. விழுந்ததைக் கரைக்குக் கொண்டுவந்தால் சிறை என்றால் எப்படி? கடலோரம் முழுக்க எதிர்ப்பு கிளம்பியது. ஆறு மாதம்கூட ஆகவில்லை, டிசம்பரில் பட்டியல் பத்து இனங்களாகச் சுருங்கியது. திமிங்கலச் சுறா, வேளாச்சுறா வகைகள், கங்கைச் சுறா, புதுச்சேரிச் சுறா ஆகியவை அதில் உண்டு. 2022இல் திருத்தப்பட்டு 2023 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த சட்டம் பட்டியலை மீண்டும் நீட்டியிருக்கிறது. முதல் அட்டவணை உயிரைக் கொன்றாலோ விற்றாலோ குறைந்தது மூன்று ஆண்டு, கூடினால் ஏழு ஆண்டு சிறை. அபராதம் 25,000 ரூபாய்க்குக் குறையாது.

இத்தனை கடுமை ஏன் என்பதற்கான விடை எனக்குக் கிடைத்தது அக்காவின் அடுப்படியில்தான். சுறாத் தோலைக் கையால் தடவினால் ஒரு பக்கம் வழுக்கும். எதிர்ப்பக்கம் உப்புத்தாள் மாதிரி கீறும். செதிலுக்குப் பதில் நுண்ணிய பற்கள் போன்றவை தோல் முழுக்கப் பதிந்திருப்பதுதான் காரணம். ஒன்றைக் கழுவிக்கொண்டிருந்த அக்கா சட்டென்று நிறுத்தினாள். முன்துடுப்புகள் இருந்த இரண்டு வெட்டுக்கும் நடுவே, வயிற்றுப் பக்கம், நகக்கீறல் போல ஒரு சிறு பிளவு. “என்னடா இது, தொப்புள் மாதிரி இருக்கு?”

தொப்புளேதான். பல சுறா இனங்கள் முட்டையிடுவதில்லை, குட்டி போடுகின்றன. பால் சுறாவும் கொம்பனும் கருந்துடுப்பும் கருவை நஞ்சுக்கொடி வழியே வயிற்றுக்குள் வளர்க்கின்றன, மனிதத் தாய் வளர்ப்பதைப் போலவே. பிறந்த குட்டியின் வயிற்றில் அந்தக் கொடி அறுந்த வடு சில வாரங்களுக்கு இருக்கும்; பிறகு மூடிவிடும். ஆக, அன்று நாங்கள் வாங்கியது ‘குட்டியான’ மீன் அல்ல, பிறந்து சில வாரமே ஆன குழந்தை. எந்த இனத்தின் குழந்தை என்று சொல்லத் தலையும் துடுப்பும் வேண்டும்.

வஞ்சிரம் ஒரே பருவத்தில் லட்சக்கணக்கில் முட்டை போடும். அதில் பெரும்பகுதி வீணானாலும் கடல் தாங்கும். பால் சுறா ஏறத்தாழ ஓராண்டு சுமந்து ஈனுவது பெரும்பாலும் இரண்டிலிருந்து ஐந்து குட்டிகள். பெரிய சுறாக்கள் சில, பருவத்துக்கு வரவே பத்துப் பதினைந்து ஆண்டு ஆகும். இப்படிப்பட்ட உயிரை மத்தி பிடிக்கிற கணக்கில் பிடித்தால் என்ன ஆகும்? நடுக்கடல் சுறாவும் திருக்கையும் 1970க்குப் பிறகான ஐம்பது ஆண்டுகளில் 71 சதவீதம் குறைந்துவிட்டதாக 2021இல் ‘நேச்சர்’ இதழில் வந்த ஆய்வு சொன்னது. நம் பால் சுறாவும் இப்போது சர்வதேச இயற்கைப் பாதுகாப்புச் சங்கத்தின் அழியும் ஆபத்துப் பட்டியலில் இருக்கிறது.

வாங்கிய சுறாவைப் புட்டாக்கும் விஷயத்துக்கு வருவோம். மஞ்சளும் உப்பும் போட்டு வேகவைத்து, ஆறியதும் தோலை உரித்து, நடுவிலிருக்கும் குருத்தெலும்பை உருவி, கையால் உதிர்த்து, தண்ணீர் போக இறுக்கிப் பிழிவார்கள். பிறகு கடுகு, சின்ன வெங்காயம், பச்சை மிளகாய், கண்ணை மூடிக்கொண்டு பூண்டு. உதிரி உதிரியாகும் வரை சிறு தீயில் பிரட்டல். இந்தப் பிழிதல் வெறும் பக்குவம் அல்ல. கடல் உப்பைச் சமாளிக்கச் சுறா தன் ரத்தத்திலும் சதையிலும் யூரியாவைத் தேக்கி வைத்திருக்கிறது. செத்த பிறகு நுண்கிருமிகள் அதை அம்மோனியாவாக மாற்றும். அக்கா சொன்ன நாற்றம் அதுதான். வேகவைத்த தண்ணீரைக் கொட்டிப் பிழியும்போது அதில் பெரும்பகுதி போய்விடுகிறது.

பாதரசம் அப்படிப் பிழிந்தால் போகாது. சின்ன மீனைத் தின்ற பெரிய மீனைத் தின்ற சுறாவின் சதையில் பாதரசம் வயதோடு சேர்ந்துகொண்டே போகும். அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் கர்ப்பிணிகளும் தாய்ப்பால் கொடுப்பவர்களும் குழந்தைகளும் தவிர்க்க வேண்டிய மீன்களில் சுறாவைச் சேர்த்திருக்கிறது. நம் வீடுகளில் தேடிப்போய் யாருக்கு ஊட்டுகிறோமோ, அவர்களையே அங்கே வேண்டாம் என்கிறார்கள். குட்டியாக வாங்கச் சொல்லும் பாட்டிமார் வழக்கத்தில் பாதரசம் குறைவு என்ற நன்மை உண்டுதான். ஆனால் கடலுக்கு அதுவே கேடு. பால் ஊறுவதைப் பொறுத்தவரை, குழந்தை அடிக்கடி உறிஞ்சிக் குடிப்பதைவிடப் பெரிய மருந்து இல்லை என்பதைப் பிள்ளை பெற்ற எந்த வார்டிலும் சொல்வார்கள். அக்கா ஒப்புக்கொள்ளவில்லை. புட்டு ஆயிற்று, ருசியும் குறைவில்லை.

“அது நம்மளத் திங்காதா மாமா?” என்றாள் தட்டோடு உட்கார்ந்திருந்த அக்கா மகள். சினிமா பார்த்து வந்த பயம். அமெரிக்காவின் புளோரிடா அருங்காட்சியகம் வைத்திருக்கும் பதிவேட்டின்படி 2024இல் மனிதர் சீண்டாமல் சுறா தானாகக் கடித்த நிகழ்ச்சிகள் உலகம் முழுக்க 47. அவற்றில் உயிரிழந்தோர் 4 பேர். அதே கடலில் 2019இல் மனிதர் கையால் செத்த சுறாக்கள் சுமார் 8 கோடி என்று ஓர் ஆய்வு மதிப்பிட்டிருக்கிறது.

ஆனாலும் பயத்தைக் கேலி செய்ய எனக்கு மனம் வரவில்லை. இங்கிருந்து சீனிவாச மங்காபுரம் கூப்பிடு தூரம். திருமலைக்கு ஏறும் ஸ்ரீவாரி மெட்டுப் படிகள் அங்கே தொடங்குகின்றன. 2023 ஆகஸ்டில் அலிபிரிப் படிப்பாதையில் ஆறு வயதுச் சிறுமியைச் சிறுத்தை கொன்ற பிறகு, தேவஸ்தானம் மலை ஏறும் பக்தர்களுக்குக் கையில் ஒரு கம்பு கொடுத்தது. கம்பால் சிறுத்தையை அடிக்க முடியுமா என்று பலர் சிரித்தார்கள். மன்னார் வளைகுடாவில் முத்துக் குளித்தவர்களுக்கும் அப்படி ஒரு கம்பு இருந்தது. அவருக்குக் கடல்கட்டி என்று பெயர்.

சுறாவின் வாயை மந்திரத்தால் கட்டுபவர் அவர். பதின்மூன்றாம் நூற்றாண்டின் கடைசியில் இந்தப் பக்கம் வந்த மார்க்கோ போலோ, குளிக்கும் முத்தில் இருபதில் ஒரு பங்கு இவர்களுக்குக் கூலி என்று எழுதியிருக்கிறார். பொழுது சாய்ந்ததும் மந்திரத்தை அவிழ்த்துவிடுவார்களாம். இரவில் யாரும் திருட்டுத்தனமாக இறங்கக் கூடாதல்லவா! 1807இல் வெளியான இலங்கை பற்றிய நூலில் ஜேம்ஸ் கார்டினர் என்ற பாதிரியார் இன்னும் கிட்டத்தில் காட்டுகிறார். படகுகள் போனதிலிருந்து திரும்பும்வரை கடல்கட்டி ஓர் அறைக்குள் அடைந்திருப்பார். முன்னால் பித்தளைத் தாம்பாளத்தில் தண்ணீர். அதில் வெள்ளியில் செய்த ஆண் மீன் ஒன்று, பெண் மீன் ஒன்று. கடலில் யாரையாவது சுறா தீண்டினால், இங்கே ஒரு வெள்ளி மீன் மற்றதைக் கடிக்கும் என்பது நம்பிக்கை. குளித்தவர்களில் பலர் கத்தோலிக்கர். அவர்களும் கடல்கட்டி இல்லாமல் தண்ணீரில் இறங்க மாட்டார்கள். ஆங்கில அரசும் வம்பு வேண்டாம் என்று சம்பளம் கொடுத்து வைத்துக்கொண்டது. தூத்துக்குடியில் கடைசி முத்துக்குளிப்பு 1961இல் நடந்தது. கடல்கட்டியின் தொழிலும் அதோடு முடிந்தது.

அதற்கும் வெகுமுன்பே நெய்தல் நிலத்தார் சுறாவைக் கும்பிட்டிருக்கிறார்கள். காவிரிப்பூம்பட்டினத்துப் பரதவர் சுறாவின் கொம்பை நட்டு வழிபட்டதைப் பட்டினப்பாலை சொல்கிறது. அந்தக் கொம்பு, வேளாச்சுறாவின் பல் வைத்த வாளாகவே இருக்க வேண்டும். வேளா உண்மையில் திருக்கை இனம். அந்த வாளே அதற்கு எமன். எந்த வலையானாலும் முதலில் சிக்குவது அதுதான். இன்று அதை உயிரோடு பார்த்த இளம் மீனவர் கிடைப்பது அரிது. சுறா மலைக்கும் ஏறியிருக்கிறது. மகரம் என்ற சொல்லுக்கு நிகண்டுகள் தரும் பொருளில் சுறாவும் உண்டு. பெருமாள் காதில் ஆடும் மகர குண்டலத்தைச் சிற்பிகள் யானைத் துதிக்கையும் முதலை வாயுமாகக் கற்பனையில் மாற்றிவிட்டார்கள் என்பது வேறு கதை.

கடல் இல்லாத ஊரிலிருந்து கடலைப் பற்றி எழுத உனக்கென்ன என்று கேட்பவர்களுக்கு: 1639இல் கிழக்கிந்தியக் கம்பெனிக்குச் சென்னைப்பட்டினத்து மணல்வெளி கைமாறியபோது, அந்தக் கரை சந்திரகிரி அரசரின் ஆட்சியில் இருந்தது. போதாததற்கு 2022 ஏப்ரலில் திருப்பதி மாவட்டம் பிரிந்தபோது சித்தூர் மாவட்டத்தில் இல்லாத கடலோரம் நமக்கு வந்து சேர்ந்தது.

சுறாவின் வரலாற்றில் பெரிய திருப்பம் துடுப்பால் வந்தது. கடலோர வியாபாரிகள் பீலி என்பார்கள். ஹாங்காங், சிங்கப்பூர் விருந்துகளில் அதைச் சூப்பாக்குகிறார்கள். தனக்கென்று ருசி இல்லாத பண்டம், விலை மட்டும் சதையைப் போலப் பல மடங்கு. வேறு நாட்டுக் கப்பல்கள் பீலியை அறுத்துக்கொண்டு உடலைக் கடலிலேயே வீசின. நம்மவர் அப்படிச் செய்ததில்லை. சதைக்கும் கருவாட்டுக்கும் இங்கே ஆள் இருந்தது. ஆனால் பீலி விலை ஏற ஏற, கன்னியாகுமரி மாவட்டத்துத் தூத்தூர், வள்ளவிளை, சின்னத்துறைக்காரர்கள் நீண்ட கயிற்றில் நூற்றுக்கணக்கான தூண்டில் முள் கட்டி, அரபிக்கடலின் நடுவரை வாரக்கணக்கில் போய்ச் சுறா பிடித்தார்கள். மீன் கொச்சியில் இறங்கியது. 2013இல் பீலி உடலோடு ஒட்டியிருந்தால்தான் கரைக்குக் கொண்டுவரலாம் என்று உத்தரவு வந்தது. 2015இல் பீலி ஏற்றுமதி முழுவதும் தடை. கடலை நன்றாகப் படித்த அந்த ஊர்க்காரர்களிடம் யாராவது முன்கூட்டி ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் என்பது என் எண்ணம்.

கேட்டுச் செய்த இடமும் உண்டு. குஜராத்தின் சௌராஷ்டிரக் கரையில் எண்ணெய்க்காகத் திமிங்கலச் சுறாக்களை நூற்றுக்கணக்கில் கொன்றார்கள். 2001இல் தடை வந்தது. சட்டம் மட்டும் வேலைக்காகாது என்று 2004இல் கதாகாலட்சேபம் செய்யும் மொராரி பாபுவை அழைத்து வந்தார்கள். பிள்ளைப்பேற்றுக்குத் தாய்வீடு வரும் மகள் அது, மகளை யாராவது கொல்வார்களா என்ற பொருளில் அவர் பேசினார். மீனவர் வலையை அறுத்து அதை விடுவிக்கத் தொடங்கினார்கள். அறுந்த வலைக்கு அரசு ஈடு கொடுக்கிறது.

புதுச்சேரிச் சுறாவுக்கு அப்படி யாரும் வாய்க்கவில்லை. 1839இல் புதுச்சேரியில் கிடைத்த மாதிரியை வைத்துப் பெயரிடப்பட்டது அது. உலக அருங்காட்சியகங்கள் எல்லாவற்றிலும் சேர்த்து இருபது உடல்கூட இல்லை. உறுதியான கடைசிப் பதிவு 1979. ஒரு மீட்டருக்குள் அடங்கும் சின்னச் சுறா; எந்தப் பலகையிலும் பால் சுறா என்றே போயிருக்கும். அதை இனம் காட்டும் கறுப்பு, துடுப்புகளின் நுனியிலும் வாலின் கீழ்நுனியிலும் இருக்கிறது.

அடுத்த ஞாயிறு அதே பலகைக்குப் போய், துடுப்போடு ஒன்று கிடைக்குமா என்று கேட்டேன். “அதெல்லாம் கரையிலேயே எடுத்துடுவாங்க அண்ணா” என்றார் அந்த அம்மா, ஐஸைக் கையால் தள்ளி இன்னொன்றை வெளியே இழுத்தபடி.