புதைபடிவமும் மாகாணச் சின்னமும்

அமெரிக்க ஐக்கிய நாடுகளில் அடங்கிய மாகாணங்கள், பறவை, மலர், மரம் ஆகியவற்றுள் ஒவ்வொன்றைத் தெரிந்தெடுத்துச் சட்டத்தின் வாயிலாகத் தமக்குரிய சின்னங்களாக அமைத்துக்கொண்டிருக்கின்றன. இவ்வரிசையில் புதைபடிவத்தையும் சேர்த்துக்கொள்ளும் வழக்கம் சென்ற நூற்றாண்டின் பிற்பகுதியில் பரவலாயிற்று. மண்ணில் புதையுண்டு கல்லாகிப்போன ஓர் உயிரைச் சட்டசபை கூடித் தேர்ந்தெடுப்பது விநோதமாகத் தோன்றலாம். எனினும், ஆராய்ந்து பார்ப்பின் அதிற் கற்றுக்கொள்ளத்தக்க விஷயங்கள் பல உள என்பது விளங்கும்.

இத்தகைய சின்னத்திற்கு முதலாவது வேண்டப்படுவது, அது அம்மண்ணிலேயே கிடைத்ததாயிருத்தல். இரண்டாவது, அந்நிலத்தின் பழைய வரலாற்றை அது எடுத்துரைத்தல். அலபாமா மாகாணம் 1984ஆம் ஆண்டில் பஸிலோசாரஸ் என்னும் பிராணியை ஏற்றுக்கொண்டது. 'பல்லிகளின் அரசன்' என்பது அப்பெயரின் பொருள். முதலில் அதனை ஊர்வன வகையைச் சேர்ந்ததென்று எண்ணி அவ்வாறு பெயரிட்டனர். பின்னர் 1839இல் ரிச்சர்டு ஓவன் என்னும் அறிஞர் அதன் பற்களைச் சோதித்து, அது பாலூட்டி இனத்ததென்று நிறுவினார். உண்மையில் அது ஒரு திமிங்கிலம். முதலில் இட்ட பெயரே நிலைபெற வேண்டுமென்பது விதியாதலின் அத்தவறான பெயர் இன்றும் வழங்குகின்றது. இன்று பருத்தி விளையும் அந்நிலம் ஒரு காலத்தில் கடலாயிருந்தது என்பதற்கு அத்திமிங்கிலமே சான்று. இல்லினாய் மாகாணம் 1989இல் ஏற்றுக்கொண்ட 'டல்லி' என்னும் பிராணியோ அம்மாகாணத்திலன்றி வேறெங்கும் அகப்பட்டதில்லை. அது முதுகெலும்புள்ளதா அற்றதா என்பதில் அறிஞர்கள் இன்னும் ஒருமைப்படவில்லை.

இவை யாவற்றினும் நம் சிந்தையைக் கவர்வது தென் கரோலினாவின் சரித்திரமாம். அம்மாகாணத்திற்குப் புதைபடிவச் சின்னம் இல்லாதிருப்பதைக் கண்ட எட்டு வயதுச் சிறுமி ஒருத்தி, கொலம்பிய மாமதம் என்னும் பண்டை யானையைத் தெரிந்தெடுக்கும்படி சட்டசபை அங்கத்தினருக்குக் கடிதம் எழுதினாள். வட அமெரிக்காவில் முதன்முதல் அகப்பட்ட முதுகெலும்புள்ள பிராணிகளின் புதைபடிவங்களுள் ஒன்று அம்மாகாணத்து அடிமைகளால் தோண்டி எடுக்கப்பட்டது என்பதே அவள் முன்வைத்த தலையான காரணம்.

அச்செய்தி வருமாறு: ஏறக்குறைய 1725ஆம் ஆண்டில், ஸ்டோனோ என்னுமிடத்தில் பெரிய பற்கள் மூன்று நான்கு மண்ணிலிருந்து தோண்டி எடுக்கப்பட்டன. அவற்றைக் கண்ட ஆப்பிரிக்க அடிமைகள் அனைவரும், அவை யானையின் கடைவாய்ப் பற்களே என்று ஒரே வாக்காகக் கூறினர். அப்போது கரோலினாவிற் சஞ்சரித்த இயற்கை நூல் வல்லுநரான மார்க் கேட்ஸ்பி, இதனைத் தம் நூலில் எழுதிவைத்ததோடு, தாமும் அக்கருத்தை ஒப்புக்கொண்டார்.

இதன் அருமையை உணரவேண்டுமாயின் அக்காலத்துக் கற்றோர் நிலையையும் நோக்கவேண்டும். 1705இல் நியூயார்க்குப் பகுதியில் பெரும்பல் ஒன்று அகப்பட்டபோது, பிரளயத்திற்கு முன் வாழ்ந்த இராட்சத மனிதனின் பல் அது என்று கல்வியிற் சிறந்தோரும் நம்பினர். அது மாஸ்டொடான் என்னும் வேறொரு பிராணியின் பல். அதில் முகடுகள் மேடுமேடாய் இருத்தலின் மனிதப் பல்லை ஒருவாறு ஒத்திருக்கும். மாமதத்தின் பல்லோ, யானையின் பல்லைப்போலவே, தட்டையான பரப்பில் வரிவரியாய் அமைந்த தகடுகளை உடையது. யானையைக் கண்ணாற் கண்டறிந்த ஆப்பிரிக்கர் அவ்வரிகளைப் பார்த்த மாத்திரத்தில் உண்மையை அறிந்தனர். மாமதம் யானையினின்றும் வேறான, அழிந்துபோன ஓர் இனம் என்று பிரெஞ்சு அறிஞர் குவியே 1796இல் விளக்கியதோ, ஏறக்குறைய எழுபது ஆண்டுகளுக்குப் பின்னரே. கொலம்பிய மாமதத்திற்கு 1857இல் விஞ்ஞானப் பெயர் சூட்டியவர், இந்தியாவில் சிவாலிக் மலைப் புதைபடிவங்களை ஆராய்ந்து புகழ்பெற்ற ஹ்யூ பால்கனர்.

சிறுமியின் வேண்டுகோள் எளிதில் நிறைவேறவில்லை. சட்டசபையின் மேற்சபையில் ஒருவர், இப்பிராணி ஆறாம் நாளிற் படைக்கப்பட்டது என்னும் ஆதியாகமக் கருத்தையும் மசோதாவிற் சேர்க்கவேண்டுமென்றார். விவாதம் வளர்ந்தது, செய்தி நாடெங்கும் பரவியது. முடிவில் அவ்வாசகமின்றியே மசோதா நிறைவேறியது. 2014 மே மாதத்தில் கவர்னர் அதிற் கையொப்பமிட்டார். சமயநூலை மதிப்போரும் இதனால் வருந்தவேண்டுவதில்லை என்பது எம் கருத்து. சின்னத்தைக் குறிக்கும் சட்டம் படைப்பின் காரணத்தை ஆராயும் இடமன்று. படைத்தவனைத் துதிப்போர்க்கு அதனைத் தடுப்பதுமன்று.

வருந்தவேண்டிய விஷயம் வேறொன்றுண்டு. கேட்ஸ்பியின் பெயர் நிலைபெற்றது. குவியே, பால்கனர் பெயர்களும் நிலைபெற்றன. சேற்றில் நின்று அப்பற்களைப் பார்த்து, 'இது யானை' என்று முதலில் மொழிந்தவர்களுள் ஒருவருடைய பெயரேனும் அந்நூலில் இல்லை. அவர்கள் தம் நாட்டினின்று பறித்துக் கொணரப்பட்டு, பிறர் உடைமையாக விற்கப்பட்டவர்கள். உடலுழைப்பையே அவர்களிடம் எதிர்பார்த்த உலகம், அவர்களுக்கு அறிவும் உண்டென்பதை எண்ணிப் பார்க்கவில்லை. தாய்நாட்டினின்று அவர்கள் கொணர்ந்தவற்றுள் எவராலும் பறிக்க முடியாதிருந்தது அவ்வறிவு ஒன்றே.

மாணவ நண்பர்களே, புத்தகத்திற் படித்ததே கல்வி என்று நாம் பலகாலும் மயங்குகின்றோம். கற்றோர் தடுமாறிய காலத்தில் கல்லாதாரெனக் கருதப்பட்டோர் கண்டறிந்து கூறிய உண்மை, இன்று ஒரு மாகாணத்தின் சின்னமாய் நிற்கின்றது. அவர்கள் பெயர்களை நாம் மீட்டல் இயலாது. ஆயினும் அம்மாமதத்தைக் குறிப்பிடுந்தோறும் அவர்களையும் சேர்த்து நினைத்தல் நம்மால் இயலும், அதுவே நீதியுமாகும்.