கைக்கும் கம்ப்யூட்டருக்கும் நடுவே ஒரு துபாஷி

வீட்டில் பிளேஸ்டேஷன் 4 இருக்கிறது. அதில் பழகிய விரல்கள், லேப்டாப்பில் கால்பந்து கேம் ஆட உட்கார்ந்தால் கீபோர்டில் தடுமாறுகின்றன. சரி என்று அதே கன்ட்ரோலரை எடுத்து யூ.எஸ்.பி.யில் செருகுகிறோம். விண்டோஸ் 'டிங்' என்று ஒலி எழுப்புகிறது. 'வயர்லெஸ் கன்ட்ரோலர்' என்று பெயர்கூடக் காட்டுகிறது. கேமைத் திறந்தால் ஆட்டக்காரர் நகர மறுக்கிறார். சில கேம்களில் நகர்ந்தாலும், திரை 'ஏ பட்டனை அழுத்து' என்கிறது. கையில் இருப்பதோ பெருக்கல் குறியும் வட்டமும். கன்ட்ரோலர் போய்விட்டது என்று இந்த இடத்திலேயே முடிவுகட்டி, புதிதாக ஒன்று வாங்கக் கிளம்பிவிடுகிறார்கள் பலர். அந்தச் செலவு தேவையே இல்லை. கன்ட்ரோலரும் நன்றாக இருக்கிறது, கம்ப்யூட்டரும் நன்றாக இருக்கிறது. கேமுக்கு அந்தக் கன்ட்ரோலரின் பாஷை தெரியவில்லை, அவ்வளவுதான்.

இந்தப் பாஷைச் சிக்கலுக்கு வயது இருபதுக்கு மேல். 1995இல் மைக்ரோசாஃப்ட் டைரக்ட்எக்ஸைக் கொண்டுவந்தபோது, ஜாய்ஸ்டிக், ஸ்டியரிங் வீல் போன்றவற்றைக் கேட்டறிய டைரக்ட்இன்புட் என்ற ஏற்பாடும் அதில் சேர்ந்தது. எந்த நிறுவனம் செய்த கருவியானாலும் அது ஏற்றுக்கொள்ளும். ஆனால் 'என்னிடம் பன்னிரண்டு பட்டன், நான்கு அச்சு இருக்கின்றன' என்பதற்கு மேல் அந்தக் கருவியால் தன்னைப் பற்றிச் சொல்ல முடியாது. பட்டன் 3 எங்கே இருக்கிறது, எதற்குப் பயன்படும் என்பதை ஆடுகிறவர்தான் ஒவ்வொன்றாக அழுத்திப் பார்த்துக் கேமுக்குச் சொல்லித்தர வேண்டும்.

2005இல் எக்ஸ்பாக்ஸ் 360 வந்தது. அதன் கன்ட்ரோலரையே அளவுகோலாக வைத்து மைக்ரோசாஃப்ட் எக்ஸ்இன்புட் என்ற புதிய ஏற்பாட்டைச் செய்தது. இரண்டு ஸ்டிக், இரண்டு டிரிகர், ஒரு திசைப்பட்டன், இன்னும் பத்துப் பட்டன்கள். ஒரே நேரத்தில் அதிகபட்சம் நான்கு பேர். எல்லாம் முன்கூட்டியே முடிவானவை. ஏ என்றால் கீழே இருக்கும் பட்டன். அதில் குழப்பத்துக்கே இடமில்லை. கேம் செய்கிறவர்களுக்கு இது பெரிய நிம்மதி. செருகினால் போதும், ஆடலாம். அதன் பிறகு வந்த கம்ப்யூட்டர் கேம்களில் பெரும்பாலானவை எதிரே ஓர் எக்ஸ்பாக்ஸ் கன்ட்ரோலர் இருக்கிறது என்ற நம்பிக்கையிலேயே எழுதப்பட்டன. சோனியின் கன்ட்ரோலர் செருகியதும் ஊமையாகிப் போவதற்குக் காரணம் இந்த நம்பிக்கைதான்.

பழைய ஏற்பாட்டின் மிச்சத்தை இன்றும் கண்ணால் பார்க்கலாம். விண்டோஸில் 'செட் அப் யூ.எஸ்.பி கேம் கன்ட்ரோலர்ஸ்' என்று தேடினால் சின்னதாக ஒரு ஜன்னல் திறக்கும். எக்ஸ்பாக்ஸ் கன்ட்ரோலரை இணைத்து, அதில் 'ப்ராப்பர்ட்டீஸ்' பக்கத்துக்குப் போய், இடது டிரிகரை அழுத்துங்கள். ஒரு கோடு ஒரு பக்கம் நகரும். வலது டிரிகரை அழுத்தினால் அதே கோடு எதிர்ப்பக்கம் நகரும். இரண்டையும் சேர்த்து முழுதாக அழுத்தினால் கோடு நடுவில் வந்து நின்றுவிடும், எதையுமே தொடாதது போல. டிரிகர் பழுது என்று இதைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். டைரக்ட்இன்புட் வழியாகப் போகும்போது இரண்டு டிரிகர்களும் ஒரே அச்சைப் பங்குபோட்டுக்கொள்கின்றன. கார் கேமில் ஆக்ஸிலேட்டரையும் பிரேக்கையும் சேர்த்து மிதித்துத் திருப்பம் எடுக்கிறவருக்கு இது எவ்வளவு பெரிய இடைஞ்சல் என்று யோசித்துப் பாருங்கள். எக்ஸ்இன்புட்டில் இரண்டும் தனித்தனி. ஒவ்வொன்றுக்கும் பூஜ்யத்திலிருந்து 255 வரை அளவு உண்டு.

கடைகளில் கிடைக்கும் லாஜிடெக் எஃப்310 கேம்பேடின் அடியில் ஒரு சின்ன ஸ்விட்ச் இருக்கும். ஒரு பக்கம் எக்ஸ், மறுபக்கம் டி. வாங்கியவர்களில் பலர் அதைக் கவனிப்பதே இல்லை. அந்த எழுத்துகள் குறிப்பது இந்த இரண்டு பாஷைகளைத்தான். புதிய கேம் அசையவில்லை என்றால் எக்ஸுக்குத் தள்ளுங்கள். 2005க்கு முந்தைய பழைய கேம் என்றால் டிக்குத் தள்ளிப் பாருங்கள்.

சோனி, நின்டெண்டோ கன்ட்ரோலர்களில் இப்படி ஸ்விட்ச் கிடையாது. அங்கே நடுவில் ஒருவர் வேண்டும். புதுச்சேரியில் பிரெஞ்சு கவர்னர் துய்ப்ளேக்கு ஆனந்தரங்கப் பிள்ளை துபாஷியாக இருந்தாரே, அந்த மாதிரி. கன்ட்ரோலர் தன் பாஷையில் சொல்வதை வாங்கி, எக்ஸ்பாக்ஸ் பாஷையில் கேமிடம் சொல்லும் ஒரு மென்பொருள். இதில் பிரபலமானவை இரண்டு. ஒன்று, டி.எஸ்.4 விண்டோஸ் என்ற இலவச மென்பொருள். அது கம்ப்யூட்டருக்குள் இல்லாத ஓர் எக்ஸ்பாக்ஸ் 360 கன்ட்ரோலரை இருப்பதாக உருவாக்கிக் காட்டும். இன்னொன்று, கேம் விற்கும் ஸ்டீம் மென்பொருளுக்குள்ளேயே இருக்கும் ஸ்டீம் இன்புட். 2016 இறுதியில் பிளேஸ்டேஷன் 4 கன்ட்ரோலருக்கும், 2018இல் நின்டெண்டோ ஸ்விட்ச் ப்ரோவுக்கும் ஸ்டீம் ஆதரவு தந்தது.

நான் அழுத்திச் சொல்ல விரும்புவது இதைத்தான்: துபாஷி ஒருவர் போதும். கன்ட்ரோலர் இணைப்பில் நடக்கும் விபரீதங்களில் பெரும்பகுதி, இரண்டு பேரை ஒரே வேலைக்கு வைப்பதால் வருவது. யூடியூபில் ஒருவர் சொன்னார் என்று டி.எஸ்.4 விண்டோஸைப் போடுகிறோம். ஸ்டீமிலும் பிளேஸ்டேஷன் ஆதரவு ஏற்கெனவே இயங்கிக்கொண்டிருக்கிறது. இப்போது கேமுக்கு ஒரு கையிலிருந்து இரண்டு கன்ட்ரோலர்கள் பேசுகின்றன. மெனுவில் ஒருமுறை கீழே தட்டினால் இரண்டு வரி தாண்டும். குதி என்றால் இரண்டு முறை குதிக்கும். இருவர் ஆடும் கேமில், கூப்பிடாமலே இரண்டாவது ஆட்டக்காரர் உள்ளே வந்து நிற்பார். ஸ்டீமே இல்லாமல் டி.எஸ்.4 விண்டோஸ் மட்டும் இருந்தாலும் இந்தக் கோளாறு வரலாம்; ஏனென்றால் அசல் கன்ட்ரோலரும் கேமின் கண்ணில் படுகிறது. அசலை மறைத்து வைக்க ஹிட்ஹைட் என்று தனியாக ஒரு மென்பொருள் இருக்கிறது.

என் பரிந்துரை எளிது. கேம்களை ஸ்டீமில் வாங்கி ஆடுகிறவர் என்றால் ஸ்டீம் இன்புட்டை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். செட்டிங்ஸில் 'கன்ட்ரோலர்' பகுதிக்குப் போய்ப் பிளேஸ்டேஷன் ஆதரவை இயக்கினால் போதும். வேறு இடத்தில் வாங்கிய கேமையும் 'நான்-ஸ்டீம் கேம்' என்று ஸ்டீம் பட்டியலில் சேர்த்து, அங்கிருந்தே திறந்தால் பெரும்பாலும் வேலை செய்யும். ஸ்டீமே வேண்டாம் என்கிறவர்களுக்குத்தான் டி.எஸ்.4 விண்டோஸ். சில கேம்களுக்கோ துபாஷியே வேண்டியதில்லை. 2022இல் கம்ப்யூட்டருக்கு வந்த மார்வெல்ஸ் ஸ்பைடர்மேன் ரீமாஸ்டர்டுக்குச் சோனியின் பாஷை நேரடியாகவே தெரியும். பிளேஸ்டேஷன் 5இன் டூயல்சென்ஸை யூ.எஸ்.பி கேபிளில் இணைத்தால், டிரிகர் விரலை எதிர்த்துத் தள்ளும் இறுக்கம்கூட அதில் கிடைக்கும். லினக்ஸ்காரர்களுக்கு இன்னும் சுலபம். சோனியே எழுதிக் கொடுத்த டிரைவர் 2021 முதல் லினக்ஸின் கெர்னலிலேயே இருக்கிறது.

கேபிள் என்றதும் ஒரு விஷயம். யூ.எஸ்.பி கேபிளுக்குள் குறைந்தது நான்கு கம்பிகள் இருக்க வேண்டும்: இரண்டு மின்சாரத்துக்கு, இரண்டு தகவலுக்கு. பவர்பேங்கோடும் மலிவு விலை ஹெட்போனோடும் வரும் கேபிள்கள் சிலவற்றில் மின்சாரக் கம்பிகள் மட்டுமே இருக்கும். அதில் செருகினால் பிளேஸ்டேஷன் 4 கன்ட்ரோலரின் விளக்கு ஆரஞ்சு நிறத்தில் மெல்ல ஏறி இறங்கும், சார்ஜும் ஏறும், கம்ப்யூட்டருக்கோ எதுவுமே வந்து சேராது. அதனால் விளக்கை நம்பாமல் விண்டோஸின் 'டிங்' சத்தத்தைக் கேளுங்கள். சத்தம் வரவில்லை என்றால் முதலில் மாற்ற வேண்டியது கேபிளை.

ப்ளூடூத்தில் இணைக்க, சோனி பிளேஸ்டேஷன் 4 கன்ட்ரோலரில் ஷேர் பட்டனையும் பி.எஸ் பட்டனையும் சேர்த்து, விளக்கு வேகமாகச் சிமிட்டும்வரை அழுத்திப் பிடிக்க வேண்டும். டூயல்சென்ஸில் ஷேருக்குப் பதில் கிரியேட். எக்ஸ்பாக்ஸ் ஒன் கன்ட்ரோலர்களில் 2016க்கு முந்தியவற்றில் ப்ளூடூத்தே கிடையாது. பழையதை விலை பேசும்போது நடுவிலுள்ள எக்ஸ்பாக்ஸ் பட்டனைச் சுற்றிப் பாருங்கள்: அந்தப் பகுதி முகப்போடு ஒரே பிளாஸ்டிக்காக ஓடினால் ப்ளூடூத் உண்டு, மேலே தோள்பட்டன்களோடு சேர்ந்த தனித்துண்டாக இருந்தால் இல்லை.

இணைந்த பிறகும் விட்டுவிட்டு வேலை செய்தால், ப்ளூடூத் டாங்கிள் எங்கே செருகப்பட்டிருக்கிறது என்று பாருங்கள். யூ.எஸ்.பி 3.0 இணைப்புகள் 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் இரைச்சல் கிளப்புகின்றன. இதைப் பற்றி இன்டெல் 2012இலேயே விளக்கமாக எழுதியிருக்கிறது. ப்ளூடூத்தும் அதே அலைவரிசைதான். பக்கத்தில் ஹார்ட் டிஸ்க் ஓடிக்கொண்டிருந்தால் பந்து உதைக்கும் நொடியில் கன்ட்ரோலர் தவறவிடும். ஒரு சாதாரண எக்ஸ்டென்ஷன் கேபிளைப் போட்டு டாங்கிளை அரை மீட்டர் தள்ளி, கன்ட்ரோலரின் கண்பார்வையில் வையுங்கள். மாற்றம் உடனே தெரியும்.

நின்டெண்டோ கன்ட்ரோலர் வைத்திருப்பவர்கள் கவனிக்க வேண்டியவை இரண்டு. அதில் ஏ வலது பக்கம், பி கீழே; எக்ஸ்பாக்ஸில் நேர்மாறு. பெயர்ப்படி வேண்டுமா, இடத்தின்படி வேண்டுமா என்று ஸ்டீமில் தேர்ந்தெடுக்கலாம். இரண்டாவது, ஸ்விட்ச் ப்ரோவின் டிரிகர்கள் வெறும் பட்டன்கள். பாதி அழுத்தம் என்ற ஒன்றே அவற்றுக்குத் தெரியாது. கார் கேம்தான் உங்கள் உயிர் என்றால் வேறு கன்ட்ரோலர் பாருங்கள்.

இணைத்தாகிவிட்டது, எல்லாம் வேலை செய்கிறது. இத்தோடு பெரும்பாலானவர்கள் நிறுத்திவிடுகிறார்கள். எனக்கு வருத்தம் தருவது இந்த இடம்தான், ஏனென்றால் கைக்கு ஏற்றபடி அமைத்துக்கொள்வதன் சுகமே இதற்குப் பிறகுதான் தொடங்குகிறது. உதாரணத்துக்கு டெட்ஸோன். ஸ்டிக்கைத் தொடாமல் விட்டாலும் அது மிகச் சரியாக நடுவில் நிற்பதில்லை. கொஞ்சம் அப்படி இப்படி இருக்கும். அந்த அசைவைக் கேம் கண்டுகொள்ளாமல் விடும் பரப்பே டெட்ஸோன். எக்ஸ்இன்புட்டில் ஸ்டிக் ஒரு திசையில் முழுதாகச் சாய்ந்தால் 32,767. இடது ஸ்டிக்குக்கு மைக்ரோசாஃப்ட் பரிந்துரைத்த டெட்ஸோன் 7,849. அதாவது ஸ்டிக்கின் பாதையில் கிட்டத்தட்ட கால் பங்கு வீணாகப் போகிறது. நல்ல நிலையில் உள்ள கன்ட்ரோலருக்கு இவ்வளவு தேவையில்லை. ஸ்டீமில் டெட்ஸோனைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்து, ஸ்டிக்கைத் தொடாதபோது காட்சி தானாக நகர ஆரம்பிக்கும் இடத்தைக் கண்டுபிடியுங்கள். அதற்குச் சற்று மேலே நிறுத்துங்கள். கேமுக்குள்ளும் இதே அமைப்பு இருந்தால், அங்கே ஆகக் குறைவாக வைத்துவிடுங்கள். துல்லியமாகக் குறிபார்க்க வேண்டிய கேம்களில் வித்தியாசம் விரல்நுனியில் தெரியும்.

டெட்ஸோனை எவ்வளவு கூட்டினாலும் காட்சி ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டே போனால் ஸ்டிக்குக்குள் தேய்மானம். பெரும்பாலான கன்ட்ரோலர்களில் ஸ்டிக்கின் சாய்வை அளப்பது, கரிப்பூச்சின்மேல் உரசிக்கொண்டே நகரும் ஒரு பாகம். உரச உரசத் தேயும். காந்தப்புலத்தை வைத்து அளக்கும் ஹால் எஃபெக்ட் ஸ்டிக்கில் இந்த உரசல் இல்லை. சேகாவின் டிரீம்காஸ்ட் 1998இலேயே அதைப் பயன்படுத்தியது. இன்று நடுத்தர விலை கன்ட்ரோலர்களிலும் அது கிடைக்கிறது. புதிதாக வாங்குகிறவர்கள் வண்ண விளக்குகளைப் பார்க்காமல் இதைக் கேட்டு வாங்க வேண்டும்.

அமைப்பை மாற்றுவது எல்லோருக்கும் வசதிக்காக மட்டுமல்ல. சிலருக்கு அது இல்லாவிட்டால் ஆட்டமே இல்லை. மைக்ரோசாஃப்ட் 2018இல் வெளியிட்ட எக்ஸ்பாக்ஸ் அடாப்டிவ் கன்ட்ரோலரில் உள்ளங்கை அகலத்துக்கு இரண்டு பெரிய பட்டன்கள். பின்புறம் 3.5 மில்லிமீட்டர் துளைகள் 19. ஒவ்வொரு துளையும் ஒரு பட்டனுக்கு. காலால் மிதிக்கும் ஸ்விட்ச், முழங்கையால் தட்டும் ஸ்விட்ச் என்று யாருக்கு எது முடியுமோ அதைச் செருகிக்கொள்ளலாம். கம்ப்யூட்டரிலும் அது வேலை செய்கிறது.

வீட்டிலிருக்கும் சாதாரணக் கன்ட்ரோலரையே கொஞ்சம் வளைத்தும் பார்க்கலாம். பிளேஸ்டேஷன் 4, 5 கன்ட்ரோலர்களுக்குள் அசைவை உணரும் கைரோ இருக்கிறது. வலது கட்டைவிரலை மடக்க முடியாதவருக்கு, வலது ஸ்டிக்கின் வேலையை ஸ்டீம் இன்புட்டில் கைரோவுக்கு மாற்றிக் கொடுத்தால், கன்ட்ரோலரைத் திருப்பும் பக்கமெல்லாம் காட்சியும் திரும்பும். அடிக்கடி வேண்டிய பட்டனை இடது கைப்பக்கம் கொண்டுவரலாம். அழுத்திப் பிடிக்க வேண்டியதை ஒரு தட்டலில் முடியும்படி செய்யலாம். கேமுக்கு ஒன்றாக இந்த அமைப்புகளைப் பெயரிட்டுச் சேமித்துவிட்டால், நண்பர் வீட்டுக் கம்ப்யூட்டரில் அதே ஸ்டீம் கணக்கில் நுழைந்தாலும் அவை கூடவே வரும்.