சுவடி சுமந்த துறவியர்

கங்கை பாயும் நாட்டில் ஏறத்தாழ 2,400 ஆண்டுகளுக்கு முன்னர்த் தோன்றியது பௌத்த அறம். இன்று அவ்வறத்தைப் போற்றுவோர் இலங்கை, மியன்மா, தாய்லாந்து, திபெத்து, சீனம், கொரியா, சப்பான் முதலிய இடங்களில் பல கோடி மக்கள் ஆவர். கங்கைக் கரையில் பிறந்த சமயம் ஆசியாவின் கீழைக் கோடி வரை சென்றது எவ்வாறு? அரசர் பலர் அதற்குத் துணை நின்றனர். வணிகர் வழி காட்டினர். ஆயினும், அதனைத் தோளில் சுமந்து சென்றோர் துறவியரே ஆவர். அவர்கள் சுமந்தவை பொன்னும் மணியும் அல்ல; ஏடுகளே. அவ்வேடுகளின் வரலாற்றை இங்கே காண்போம்.

புத்தர் பெருமான் கற்றோர்க்கு மட்டுமே விளங்கும் மொழியில் பேசினாரல்லர். பொதுமக்கள் வழங்கிய மொழியிலேயே அறம் உரைத்தார். ஆதலின், அவருடைய சொல் வேற்று நாட்டை அடைந்தபோது அந்நாட்டு மக்களின் மொழியில் அதனைச் சொல்லுதல் இயல்பாயிற்று.

கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் கலிங்கப் போரில் ஓர் இலட்சம் பேர் மாண்டது கண்டு மனம் வருந்திய அசோகர், அறத்தின் வழியே வெற்றி பெறத் துணிந்தார். மக்கள் மொழியில் கல்வெட்டுகளைப் பொறித்தார். ஆப்கானித்தானத்துக் காந்தகார் நகரருகே 1958ஆம் ஆண்டில் கண்டெடுக்கப்பட்ட அவருடைய கல்வெட்டு, கிரேக்கம், அரமேயம் என்னும் இரு மொழிகளில் அமைந்துள்ளது. இலங்கைக்கு மகிந்தர் சென்று அறம் பரப்பினார். அந்நாட்டுத் துறவியர் திருமறையை வாய்மொழியாகவே நெடுங்காலம் ஓதி வந்தனர். கி.மு. முதல் நூற்றாண்டில் பஞ்சமும் போரும் அந்நாட்டை வாட்டின. ஓதுவோர் மாண்டால் மறையும் மாண்டுபோகுமே என்று அஞ்சிய துறவியர், அதனை ஏட்டில் எழுதி வைத்தனர். பாலி மொழித் திருமறை அழியாது நிலைத்தமைக்கு அச்செயலே காரணமாயிற்று.

வடக்கே வேறொரு வழி இருந்தது. பட்டு ஏற்றிய ஒட்டகங்களுடன் வணிகச் சாத்துகள் நடு ஆசியாவின் பாலைவனங்களைக் கடந்து சென்றன. அச்சாத்துகளோடு துறவியரும் சென்றனர். கி.பி. முதல் நூற்றாண்டிலேயே சீனத்தில் பௌத்தர் வாழ்ந்தனர். ஆயினும், அங்கே ஒரு பெரிய தடை இருந்தது. வடமொழியின் இயல்பு வேறு. சீன மொழியின் இயல்பு வேறு. நிருவாணம் என்னும் சொல்லுக்கு நேரான சொல் சீனத்தில் இல்லை. எனவே, தொடக்கக் கால மொழிபெயர்ப்பாளர், செயலற்றிருத்தல் என்று பொருள்படும் பழஞ்சொல் ஒன்றை அதற்கு வழங்கினர். பொருள் மயங்கியது. நூல்களும் முழுமையாகக் கிடைக்கவில்லை. மூல நூல்களை நேரிற் கண்டு கொணர்தல் வேண்டும் என்ற வேட்கை சீனத் துறவியரிடையே எழுந்தது.

அவ்வேட்கையால் உந்தப்பட்டுப் புறப்பட்டவருள் ஒருவர் பாகியான். கி.பி. 399ஆம் ஆண்டில், இளமை கடந்த வயதில், தோழர் சிலருடன் அவர் பயணம் தொடங்கினார். பாலைவனத்தில் பறக்கும் பறவையும் இல்லை. ஓடும் விலங்கும் இல்லை. முன்னர்ச் சென்று மாண்டவர்களின் எலும்புகளே வழிகாட்டும் அடையாளங்களாயின. தோழருள் சிலர் திரும்பினர். ஒருவர் பனிமலையில் அவர் கண்ணெதிரே உயிர் துறந்தார். மற்றொருவர் இந்தியாவிலேயே தங்கிவிட்டார். பாகியான் பாடலிபுத்திரத்தில் மூன்று ஆண்டுகள் இருந்து வடமொழி கற்று, துறவியர் ஒழுக்க நூல்களைத் தம் கையாலேயே படியெடுத்தார். பின்னர் இலங்கையை அடைந்தார். அங்கே ஒரு நாள், வணிகர் ஒருவர் புத்தர் திருவுருவின் முன் படைத்த வெண்பட்டு விசிறியைக் கண்டார். அது சீனத்து விசிறி! தாய்நாட்டையும் பிரிந்த தோழரையும் நினைந்து அவர் கண்ணீர் உகுத்தார்.

இலங்கையினின்று அவர் ஏறிய மரக்கலம் புயலில் சிக்கியது. கலத்தில் நீர் புகுந்தது. வணிகர்கள் தம் பொருள்களைக் கடலில் எறிந்தனர். பாகியானும் தம் கலயம் முதலியவற்றை எறிந்தார். தம் உயிர் போவதைப் பற்றி அவர் அஞ்சினாரல்லர். ஏடுகளையும் எறிந்துவிடுவரோ என்றே அஞ்சினார். 412ஆம் ஆண்டில் அவர் சீனக் கரையை அடைந்தபோது அவ்வேடுகள் அவரிடமே இருந்தன. எஞ்சிய காலத்தை அவற்றை மொழிபெயர்ப்பதில் செலவிட்டார்.

பாகியான் ஏடு தேடி இந்தியாவில் திரிந்த அதே காலத்தில், சீனத் தலைநகராகிய சாங்கனில் அரும்பணி ஆற்றியவர் குமாரசீவர். அவர் நடு ஆசியாவில் உள்ள கூச்சா நாட்டிற் பிறந்தவர். தந்தையார் இந்தியர், பெயர் குமாராயனர். தாயார் சீவா, கூச்சா மன்னனின் உடன்பிறந்தாள். இருவர் பெயரும் இணைந்தே மைந்தர் பெயராயிற்று. காசுமீரத்தில் கல்வி கற்றுப் புகழ் பெற்ற அவரைச் சீனப் படைத்தலைவன் ஒருவன் சிறை கொண்டான். ஏறத்தாழ 17 ஆண்டுகள் அவர் சீன எல்லைப்புறத்தில் வைக்கப்பட்டிருந்தார். அச்சிறைவாழ்வும் வீண்போகவில்லை, அங்கே அவர் சீன மொழியைக் கற்றுத் தேர்ந்தார். 401ஆம் ஆண்டில் சாங்கனுக்கு அழைத்து வரப்பட்டபின், நூற்றுக்கணக்கான துறவியர் சூழ்ந்திருக்க, மூலத்தை விளக்கியும் பழைய மொழிபெயர்ப்புகளோடு ஒப்பிட்டும் நூல்களைச் சீனத்தில் ஆக்கினார். எளிமையும் ஓசை நயமும் பொருந்திய அவருடைய நூல்கள் இன்றும் சீனத்திலும் சப்பானிலும் ஓதப்படுகின்றன.

இரு நூற்றாண்டுகள் கழிந்தபின், அரசன் ஆணை தடுத்தும் அஞ்சாது இந்தியாவை நோக்கிப் புறப்பட்டவர் யுவான் சுவாங். நாளந்தாவில் முதுபெரும் ஆசிரியராகிய சீலபத்திரரின் அடியில் அமர்ந்து அவர் கற்றார். தென்னாடு போந்து, பல்லவர் தலைநகராகிய காஞ்சிபுரத்தையும் கண்டார். அங்கே நூற்றுக்கு மேற்பட்ட விகாரைகளும் பதினாயிரம் துறவியரும் இருந்தமையை எழுதியுள்ளார். நாளந்தாவின் பேராசிரியரும் சீலபத்திரரின் ஆசிரியருமாகிய தருமபாலர் பிறந்த ஊர் அது என்றும் குறித்துள்ளார். 645ஆம் ஆண்டில் 20 குதிரைகள் மீது 657 நூல்களை ஏற்றிக்கொண்டு அவர் தாயகம் திரும்பினார். சிந்துநதியைக் கடக்கையில் சில ஏடுகள் வெள்ளத்தில் வீழ்ந்தன. அவற்றை மீண்டும் பெறும்பொருட்டு இந்தியாவுக்குக் கடிதம் எழுதினார். எஞ்சிய 19 ஆண்டுகளில் 75 நூல்களை மொழிபெயர்த்தார். அவற்றுள் ஒன்று மட்டும் 600 சுருள்களைக் கொண்டது. அதனைச் சுருக்கி எழுதலாம் என்று மாணவர் வேண்டியும், ஒரு சொல்லையும் குறைக்க அவர் உடன்படவில்லை. அதனை முடித்த மறு ஆண்டிலேயே, 664இல், உயிர் நீத்தார்.

பயணம் சென்றோர் அனைவரும் இவர்களைப்போல மீண்டு வந்தாரல்லர். 671ஆம் ஆண்டில் கடல்வழியே இந்தியாவுக்குப் புறப்பட்ட இத்சிங், தம் காலத்தில் இவ்வாறு புறப்பட்ட ஏறத்தாழ 60 துறவியரின் வரலாற்றை எழுதி வைத்துள்ளார். அவருள் பலர் நோயாலும் கடற்புயலாலும் மாண்டனர். சாங்மின் என்பவர் சென்ற கலம் பாரம் மிகுந்து மூழ்கியது. கலத்தலைவன் அவரைச் சிறு படகில் ஏறுமாறு அழைத்தான். அவரோ, தம் இடத்தைப் பிறர்க்குக் கொடுக்குமாறு கூறி, மேற்கு நோக்கிக் கை கூப்பியவாறே கடலில் அமிழ்ந்தார்.

சீனத்தில் ஆக்கப்பெற்ற நூல்கள் அங்கிருந்து மேலும் பரவின. 372ஆம் ஆண்டில் கொரியாவுக்கும், ஆறாம் நூற்றாண்டில் கொரியாவிலிருந்து சப்பானுக்கும் ஏடுகளும் திருவுருவங்களும் சென்றன. திபெத்தில் இந்தியப் புலவர் ஒருவரும் திபெத்திய மொழிபெயர்ப்பாளர் ஒருவரும் இணைந்திருந்து நூல்களை ஆக்கினர். அதன்பொருட்டு வடமொழி, திபெத்திய அகராதி ஒன்றும் ஒன்பதாம் நூற்றாண்டில் தொகுக்கப்பட்டது. நூல்கள் பலர்க்கும் கிட்டவேண்டும் என்ற விருப்பம் அச்சுக் கலையையும் வளர்த்தது. ஆண்டு குறிக்கப்பெற்று இன்று எஞ்சியுள்ள அச்சு நூல்களுள் மிகப் பழையது, 868ஆம் ஆண்டில் சீனத்தில் அச்சான வச்சிரச் சூத்திரம். அது குமாரசீவரின் மொழிபெயர்ப்பேயாம். தம் பெற்றோரின் பொருட்டு ஒருவர் அதனை அச்சிட்டு இலவயமாக வழங்கினார். கொரியாவில் மங்கோலியர் படையெடுத்த 13ஆம் நூற்றாண்டில் செதுக்கப்பட்ட 80,000க்கு மேற்பட்ட மரப்பலகைகள் இன்றும் ஐன்சா என்னும் மடத்தில் காக்கப்படுகின்றன. பௌத்தத் திருமறை முழுவதும் அவற்றில் அடங்கியுள்ளது.

இனி, பிறந்த மண்ணில் நிகழ்ந்ததைக் காண்போம். ஏறத்தாழ 1200ஆம் ஆண்டில் நாளந்தா அழிவுற்றது. இந்தியாவில் பௌத்தம் மெலிந்தது. வடமொழியில் இருந்த எண்ணற்ற நூல்கள் மறைந்தன. காஞ்சியிற் பிறந்த தருமபாலரின் உரையும் மூலமொழியில் இன்று இல்லை. அவர் கருத்தை அறிய விரும்புவோர் யுவான் சுவாங் சீனத்தில் எழுதி வைத்த நூலையே நாடுதல் வேண்டும். நம் நாட்டவர் சிந்தித்ததை நாம் அறிதற்குச் சீனத்தாரும் திபெத்தாரும் காத்த ஏடுகள் உதவுகின்றன!

தனக்கென வைத்துக்கொண்ட செல்வம் கொள்ளை போகலாம். பிறர்க்கு அளித்த அறிவோ அவரிடத்தே வாழ்ந்து, ஒரு நாள் அளித்தவர்க்கும் திரும்பி வரும். பாலையிலும் பனியிலும் கடலிலும் உயிரைப் பொருட்படுத்தாது ஏடு சுமந்தவர்கள் இதனை எதிர்பார்த்துச் செய்தாரல்லர். தாம் பெற்ற நன்மை பிறரும் பெறவேண்டும் என்றே எண்ணினர். அவ்வெண்ணமே ஆசியா முழுவதும் அவ்வறத்தை நிலைபெறச் செய்தது.